"நல்லா இருக்கோம்" என்று சொல்லும் வீடுகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வடசென்னையில், பழைய வண்ணாரப்பேட்டையில் டியூஷன் எடுக்கிறேன். பிள்ளைகளைக் கூட்டிப்போக வரும் அம்மாக்களும் ஆயாக்களும் படிக்கட்டில் உட்கார்ந்து கேட்பவைதான் இந்தக் கேள்விகள். மார்க்கைப் பற்றிக் கேட்பதைவிட வீட்டைப் பற்றிக் கேட்பதுதான் அதிகம். அதையும் தங்கள் வீடு என்று சொல்ல மாட்டார்கள். "எனக்குத் தெரிஞ்ச ஒருத்தங்க வீட்ல" என்றுதான் ஆரம்பிப்பார்கள். நானும் யார் என்று கேட்பதில்லை. சட்டம் சம்பந்தப்பட்டவற்றை விசாரித்துத் தெரிந்துகொண்டு எழுதியிருக்கிறேன்.

இங்கே வீடெல்லாம் சுவரோடு சுவர். பக்கத்து வீட்டில் மீன் குழம்பா கருவாட்டுக் குழம்பா என்பதே தெரிந்துவிடுகிறது. இப்படிப்பட்ட இடத்தில் ஒரு குடும்பம் எதையாவது மறைக்க முடியுமா?

தனியாக மறைக்க முடியாது. சுற்றி இருப்பவர்கள் சேர்ந்துதான் மறைக்கிறார்கள்.

ராயபுரம், காசிமேடு, கொருக்குப்பேட்டை பக்கத்து லைன் வீடுகளை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே நடை, ஒரே அடிபம்பு, துணி காயப்போட ஒரே மொட்டை மாடி. இரவு பதினோரு மணிக்கு ஒரு வீட்டில் தட்டு பறந்தால் நாலு வீட்டுக்குக் கேட்கும். காலையில் தண்ணி லாரி வரும்போது அந்த வீட்டு அக்கா குடத்தோடு வந்து நிற்பார். கன்னத்தில் வழக்கத்தைவிட அதிகமாக மஞ்சள் அப்பியிருக்கும். "இன்னாக்கா, டிபன் ஆச்சா?" என்று கேட்பார்கள். "ஆச்சு" என்பார். அதோடு பேச்சு சினிமாவுக்கோ சீட்டுக்கோ போய்விடும். எல்லாருக்கும் தெரியும். எல்லாருக்கும் தெரியும் என்று அந்த அக்காவுக்கும் தெரியும். அவர் வீட்டுக்காரருக்கும் தெரியும்.

இதை வெறும் கோழைத்தனம் என்று நான் சொல்ல மாட்டேன். நெருக்கியடித்து வாழும் இடத்தில் காதில் விழுந்ததை விழாதது போல நடந்துகொள்வது ஒரு நாகரிகம். அது இல்லாவிட்டால் யாரும் யாரோடும் குடியிருக்க முடியாது. கணவன் மனைவி சண்டையை மறுநாள் அடிபம்பில் வைத்து விசாரித்தால் எந்தப் பெண் அங்கே தண்ணீர் பிடிக்க வருவாள்? சிக்கல் என்னவென்றால், அந்த நாகரிகமே அடிப்பவனுக்குக் கதவாகவும் தாழ்ப்பாளாகவும் ஆகிவிடுகிறது. கீழே வரும் பதில்கள் பெரும்பாலும் இந்த இடத்தைச் சுற்றித்தான் வரும்.

வெளியில் நன்றாக இருப்பது போலக் காட்டும் குடும்பங்கள் எதைத்தான் மறைக்கின்றன?

நான் பார்த்தவரை முதலில் கடன். அப்புறம் குடி, அடி. மகன் ஆன்லைன் சூதாட்டத்தில் விட்ட பணம். மனநலம் சரியில்லாத பிள்ளை. இன்னொரு தெருவில் இருக்கும் இன்னொரு குடும்பம். "திருப்பூரில் வேலை" என்று சொல்லப்படும், உண்மையில் புழல் சிறையில் இருக்கும் தம்பி. எல்லாவற்றுக்கும் அடியில், யாரும் வாயில் சொல்லவே முடியாத ஒன்று: குழந்தையிடம் உறவுக்காரரே நடந்துகொண்ட விதம்.

இவை தனித்தனியாக இருப்பதும் அபூர்வம். கடன் இருக்கும் வீட்டில் குடி சேரும், குடி இருக்கும் வீட்டில் அடி சேரும். ஒன்றை மூட இன்னொன்றைச் சொல்வார்கள். "புருஷன் அடிக்கிறான்" என்று சொல்ல வெட்கப்படும் பெண் "கொஞ்சம் பணக் கஷ்டம்" என்பாள். சில வீடுகளில் இதுவே தலைகீழாகவும் நடக்கும்.

போன மாதம்தான் மகளுக்கு மண்டபம் பிடித்துச் சடங்கு செய்தார்கள். தெரு முழுக்க ஃபிளெக்ஸ். அந்த வீட்டிலா கடன்?

அந்த வீட்டில்தான் அதிக வாய்ப்பு. மஞ்சள் நீராட்டு விழா என்பது இங்கே வீட்டு விசேஷம் மட்டுமில்லை, கொடுத்த மொய்யைத் திரும்ப வாங்கும் நாளும்கூட. பத்து வருஷமாக ஊருக்கெல்லாம் மொய் எழுதியவர் தன் வீட்டு விசேஷத்தைச் செய்யாமல் இருக்க முடியாது. சின்னதாகச் செய்தால் வரும் மொய்யும் சின்னதாகிவிடும் என்று பயம். அதனால் கடன் வாங்கிப் பெரிதாகச் செய்கிறார்கள். மொய் வந்தால் கடனை அடைத்துவிடலாம் என்று ஒரு கணக்கு. அந்தக் கணக்கு சரியாக வந்த வீட்டை நான் அதிகம் பார்த்ததில்லை.

அதன் பிறகு நடப்பதைக் கவனித்தால் தெரியும். நகை அடகுக் கடைக்குப் போயிருக்கும், கழுத்தில் கவரிங் ஏறியிருக்கும். அடகு ரசீது அரிசி டப்பாவுக்குள் இருக்கும். தண்டல்காரர் வண்டிச் சத்தம் கேட்டதும் "அம்மா இல்லைன்னு சொல்லு" என்று பிள்ளையை வாசலுக்கு அனுப்புவார்கள். குழுக் கடன் இருந்தால் இன்னும் மோசம். ஒருத்தி தவணை கட்டாவிட்டால் மற்ற பெண்கள் சேர்ந்து கட்ட வேண்டியிருக்கும். எனவே வாரத்தில் ஒரு நாள் அவர்களே வந்து வாசலில் உட்கார்ந்துவிடுவார்கள். அன்றைக்கு மட்டும் அந்த வீட்டில் யாருக்காவது ஆஸ்பத்திரிக்குப் போகும் அவசரம் வந்துவிடும்.

கடனை மறைப்பதற்கே தனியாக ஒரு விலை உண்டு என்பதை யாரும் கணக்குப் போடுவதில்லை. மைத்துனரிடமோ, வேலை செய்யும் இடத்திலோ, கூட்டுறவு வங்கி நகைக் கடனிலோ குறைந்த வட்டிக்குக் கிடைத்திருக்கும் பணத்தை, வெளியே தெரியக் கூடாது என்பதற்காகவே மீட்டர் வட்டிக்கு வாங்குகிறார்கள். வாயை மூடிக்கொண்டு கொடுப்பவன் அந்த மௌனத்துக்கும் சேர்த்துத்தான் வட்டி வாங்குகிறான்.

தமிழ்நாட்டில் 2003ஆம் ஆண்டிலிருந்து அதீத வட்டி வசூலிப்பதைத் தடை செய்யும் சட்டம் இருக்கிறது. தினவட்டி, மணிவட்டி, கந்துவட்டி, மீட்டர் வட்டி, தண்டல் என்று பேர் சொல்லியே அதில் வருகிறது. மூன்று ஆண்டு வரை சிறையும் 30,000 ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். காசு கட்டி ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளை 2025ல் மத்திய அரசு சட்டம் கொண்டுவந்து தடை செய்தது. ஆனால் அதற்கு முன்பே மகன் விட்ட பணத்துக்கு வாங்கிய கடன் அப்படியேதான் இருக்கிறது. மிரட்டல் வந்தால் போலீஸுக்குப் போகலாம். போவதற்கு முன்னால், கடன் இருக்கிறது என்பதை வீட்டுக்குள் இருக்கும் எல்லாருக்கும் சொல்லுங்கள். கணவனுக்குத் தெரியாமல் மனைவியும், மனைவிக்குத் தெரியாமல் கணவனும் தனித்தனியாக வாங்கி, இரண்டு பேரும் ஒரே தண்டல்காரரிடம் மாட்டிய கதையெல்லாம் உண்டு.

"குடிச்சா மட்டும்தான் அடிப்பாரு, மத்தபடி தங்கமான மனுஷன்." இது உண்மையாக இருக்காதா?

அவர் குடித்துவிட்டு முதலாளியை அடித்திருக்கிறாரா? வரும் வழியில் நிற்கும் டிராஃபிக் போலீஸை? டாஸ்மாக் கடைக்காரரை? அங்கெல்லாம் கை கட்டி நின்றவர் வீட்டுக்குள் வந்ததும் நிதானம் இழக்கிறார் என்றால், யாரை அடிக்கலாம் யாரை அடிக்கக் கூடாது என்ற தெளிவு போதையிலும் அவருக்கு இருந்திருக்கிறது.

குடிக்கு வைத்தியம் இருக்கிறது. அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் இலவசமாகவே பார்க்கிறார்கள். அது நடக்கட்டும். ஆனால் குடி நின்றால் அடியும் தானாக நின்றுவிடும் என்று பெண்ணைக் காத்திருக்கச் சொல்வது நியாயம் இல்லை. குடிக்காத வீடுகளிலும் அடி விழுகிறது, வெள்ளிக்கிழமை தவறாமல் திருவொற்றியூர் வடிவுடையம்மன் கோவிலுக்குக் குடும்பத்தோடு போகும் வீடுகளிலும் விழுகிறது.

வடசென்னை என்பதால்தான் இதெல்லாம் அதிகமா?

இல்லை. சினிமா பார்த்துவிட்டு வருகிற கேள்வி இது. 2019 முதல் 2021 வரை நடந்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி, தமிழ்நாட்டில் 18 முதல் 49 வயதுக்குட்பட்ட, கல்யாணமான பெண்களில் சுமார் 38 சதவீதம் பேர் கணவனிடம் உடல் அல்லது பாலியல் வன்முறையை அனுபவித்திருக்கிறார்கள். இத்தனை பேரையும் கொருக்குப்பேட்டையில் அடைக்க முடியாது. அண்ணா நகர் அடுக்குமாடியில் சுவர் கொஞ்சம் கனமாக இருக்கிறது, ஏசி ஓடுவதால் ஜன்னல் சாத்தியிருக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்.

அடிபட்டு ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்குப் போனால் போலீஸ் கேஸ் ஆகிவிடும் என்று பயம். "வழுக்கி விழுந்தேன்" என்று சொன்னால் என்ன?

அரசு மருத்துவமனையில் காயத்தோடு போனால் முதலில் ஏ.ஆர். எனப்படும் விபத்துப் பதிவேட்டில் எழுதுவார்கள். எப்படி அடிபட்டது, எத்தனை மணிக்கு, யாரால் என்று கேட்பார்கள். கூட வந்திருக்கும் மாமியாரோ கணவரோ பக்கத்திலேயே நிற்கும்போது எந்தப் பெண்ணும் "பாத்ரூம்ல வழுக்கிட்டேன்" என்றுதான் சொல்வாள். நியாயமான பயம்தான்.

ஆனால் இரண்டு வருஷம் கழித்து அவள் கோர்ட்டுக்குப் போகும்போது எதிர்த் தரப்பு வக்கீல் முதலில் எடுத்து நீட்டுவது அந்த ஏ.ஆர். காப்பியைத்தான். "அன்னைக்கு நீங்களே விழுந்ததா சொல்லியிருக்கீங்களே?" அதனால் முடிந்தால் டாக்டரிடம் தனியாகப் பேச வேண்டும் என்று கேளுங்கள். "கூட வந்தவங்க வெளிய இருக்கட்டும்" என்று நர்ஸம்மாவிடம் மெதுவாகச் சொன்னால் பெரும்பாலும் புரிந்துகொள்வார்கள். உண்மையைச் சொன்னதாலேயே அன்றைக்கே கணவனைப் பிடித்துப் போட்டுவிட மாட்டார்கள். எழுத்தில் ஒன்று இருக்கும். தேவைப்படும்போது எடுத்துக்கொள்ளலாம்.

"ஸ்டவ் வெடித்தது", "தீராத வயிற்று வலி" என்று பேப்பரில் வரும் செய்திகளை நம்பலாமா?

மண்ணெண்ணெய் ஸ்டவ் காலத்தில் நிஜமாகவே விபத்துகள் நடந்தன, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் சமையல் நேரமே இல்லாத நேரத்தில், புதிதாகக் கல்யாணமான பெண்கள் மட்டும் இருக்கும்போது வெடித்த ஸ்டவ்கள் எத்தனை என்று கீழ்ப்பாக்கம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் தீக்காயப் பிரிவில் வேலை பார்த்த யாரையாவது கேட்டுப் பாருங்கள். இப்போது எல்லா வீட்டிலும் கேஸ் வந்துவிட்டது. ஸ்டவ் வெடிப்பது குறைந்து, "பால் காய்ச்சும்போது நைட்டியில் தீ பிடித்தது" என்று வாசகம் மாறியிருக்கிறது.

வயிற்று வலிக் கதை இன்னும் பழையது. ஒரு பெண்ணோ பையனோ தற்கொலை செய்துகொண்டால், மாலைப் பேப்பரில் ஒரு பத்திச் செய்தி வரும்: "தீராத வயிற்று வலியால் அவதிப்பட்டு வந்தார்." குடும்பம் போலீஸிடம் கொடுக்கும் வாக்குமூலம் அது. கடன், காதல், அடி, தேர்வு, வீட்டுக்குள் நடந்த பாலியல் கொடுமை எல்லாமே அந்த இரண்டு சொல்லுக்குள் போய்விடும். போஸ்ட்மார்ட்டம் முடிந்து உடலை வாங்க வேண்டும், தங்கைக்குக் கல்யாணம் ஆக வேண்டும், கேள்வி வேண்டாம் என்றுதான் சொல்கிறார்கள். அந்தக் குடும்பத்தின் மேல் எனக்குக் கோபம் வருவதில்லை. ஆனால் அந்தத் தங்கை அதே வீட்டில், அதே ஆட்களோடுதான் இன்னும் இருக்கிறாள் என்பதை யாராவது யோசிக்க வேண்டும்.

கல்யாணமாகி ஏழு ஆண்டுக்குள் ஒரு பெண் சந்தேகப்படும்படி இறந்தால், குடும்பம் என்ன சொன்னாலும் ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) விசாரணை உண்டு. அக்கம்பக்கத்தில் விசாரிக்க வருவார்கள். "நல்ல குடும்பம் சார், ஒரு சத்தமும் கேட்டதில்ல" என்று சொல்வதற்கு முன்னால் ஒரு நிமிஷம் நிதானியுங்கள்.

தற்கொலைக்கு முயன்று பிழைத்தவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகவே சிலர் தயங்குகிறார்கள், கேஸ் போடுவார்கள் என்று. 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் அவரைக் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகத்தான் கருதுகிறது, தண்டிக்கச் சொல்லவில்லை. தயங்காமல் கூட்டிப்போங்கள். பேச யாரும் இல்லை என்றால் 14416க்கு எந்த நேரமும் அழைக்கலாம், தமிழில் பேசுவார்கள்.

பக்கத்து வீட்டில் ராத்திரி சத்தம் கேட்கிறது. நான் என்ன செய்யலாம்? நம்மைத் திட்டமாட்டார்களா?

திட்டலாம். அடி வாங்கிய பெண்ணே திட்டலாம். "எங்க வீட்டு விஷயத்துல நீ யாரு?" என்று அவள் கேட்டால், அவனுக்கு முன்னால் அவள் வேறு எப்படிப் பேச முடியும் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

சத்தம் கேட்கும்போதே கதவைத் தட்டலாம். அதற்கு வீரம் தேவையில்லை, ஒரு சாக்கு போதும். "அக்கா, கொஞ்சம் காப்பித்தூள் இருக்கா?" "உங்க மோட்டார் ஓடிக்கிட்டே இருக்கே." கதவு திறக்கும்போது ஓங்கிய கை இறங்கும். நம்ம ஊரில் இதைத் தெரிந்தோ தெரியாமலோ ஆயாக்கள் நிறைய பேர் செய்து வந்திருக்கிறார்கள். வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்டு நடுராத்திரி கதவு தட்டும் கிழவியை யார் என்ன சொல்ல முடியும்? அவன் ஆயுதம் வைத்திருப்பவன், உங்களையும் அடிப்பான் என்றால் தட்டப் போகாதீர்கள். அவசர உதவி எண் 112க்கு அழையுங்கள்.

மறுநாள் அவள் தனியாக இருக்கும்போது ஒரே ஒரு வாக்கியம் சொன்னால் போதும்: "எனக்குக் கேட்டுச்சு. எந்த நேரம் வேணாலும் எங்க வீட்டுக்கு வா." ஏன் இன்னும் இருக்கிறாய், ஏன் அவனிடம் வாய் கொடுத்தாய் என்றெல்லாம் கேட்காதீர்கள். அறிவுரையும் வேண்டாம். அவள் "அப்படி ஒண்ணும் இல்லையே" என்று சொன்னாலும் பரவாயில்லை. உங்கள் காதில் விழுந்தது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. முதல் கேள்வியில் சொன்னேனே, எல்லாரும் சேர்ந்து காக்கும் மௌனம் என்று, அதிலிருந்து ஒரு ஆள் விலகிவிட்டார்.

சட்டப்படியும் உங்களுக்குப் பாதுகாப்பு இருக்கிறது. 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் 4ஆம் பிரிவின்படி, வன்முறை நடக்கிறது என்று நம்பக் காரணம் இருக்கும் யாரும் பாதுகாப்பு அலுவலருக்குத் தகவல் சொல்லலாம். நல்லெண்ணத்தோடு சொன்னவர் மேல் எந்த வழக்கும் போட முடியாது. பெண்கள் உதவி எண் 181க்கு போன் செய்தும் சொல்லலாம்.

போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனால் "குடும்ப விஷயம், பேசித் தீத்துக்கோங்க" என்று அனுப்பிவிடுகிறார்களே?

அனுப்பலாம். வெறுங்கையோடு திரும்பாதீர்கள். புகாரை எழுத்தில் கொடுத்து, புகார் வந்தது என்பதற்கு ஸ்டேஷனில் தரும் சி.எஸ்.ஆர். ரசீதைக் கேட்டு வாங்குங்கள். ஒரு துண்டுச் சீட்டுதான். ஆனால் அடுத்த முறை போகும்போது "முதல் தடவையா வர்றீங்க" என்று யாரும் சொல்ல முடியாது. மனைவியைக் கொடுமைப்படுத்துவது குற்றம்: பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498ஏ, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவு.

ஆளை ஜெயிலுக்கு அனுப்ப எல்லாப் பெண்களும் விரும்புவதில்லை. அடி நிற்க வேண்டும், வீட்டில் நிம்மதியாக இருக்க வேண்டும், பிள்ளைக்கு ஃபீஸ் கட்ட வேண்டும், அவ்வளவுதான் கேட்கிறார்கள். அதற்குத்தான் 2005ஆம் ஆண்டுச் சட்டம். மாவட்டச் சமூக நல அலுவலகத்தில் இருக்கும் பாதுகாப்பு அலுவலர் மனுவை எழுதி மாஜிஸ்திரேட்டிடம் கொண்டுபோவார். அடிக்கக் கூடாது, பக்கத்தில் வரக் கூடாது, வீட்டுச் செலவுக்குப் பணம் தர வேண்டும் என்றெல்லாம் உத்தரவு வாங்கலாம். அந்த உத்தரவை மீறினால் அதுவே தனிக் குற்றம், ஓராண்டு வரை சிறை. அறுபது நாளில் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடப்பில் இழுக்கும், அதற்குத் தயாராக இருங்கள். சம்பளத்தைப் பிடுங்கிக்கொள்வது, சீதன நகையைக் கேட்காமல் விற்பது, நாள் கணக்கில் கேவலமாகப் பேசுவது எல்லாமே இந்தச் சட்டத்தில் வன்முறைதான்.

வக்கீலுக்குக் காசு இல்லை என்றால், பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவச வக்கீல் தரும். எண் 15100.

வீடு அவர் அம்மா பேரில் இருக்கிறது. "வெளிய போ" என்றால் போய்த்தான் ஆக வேண்டுமா?

இல்லை. பத்திரம் யார் பேரில் இருந்தாலும், குடும்பமாக வாழ்ந்த வீட்டில் தங்கும் உரிமை மனைவிக்கு உண்டு. வாடகை வீடானாலும் சரி. ராத்திரியில் வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினால் அதுவும் புகார் கொடுக்க வேண்டிய விஷயம்.

குழந்தை ஒரு சொந்தக்காரரைப் பற்றி ஏதோ சொல்கிறது. அவர் எங்கள் குடும்பத்துக்கு நிறைய செய்தவர். வெளியில் சொன்னால் குழந்தையின் எதிர்காலம் கெட்டுவிடாதா?

இந்தக் கேள்விக்கு மட்டும் வளைத்துப் பேச எனக்கு வராது. குழந்தை சொன்னதை நம்புங்கள். இப்படிப்பட்ட வழக்குகளில் பத்தில் ஒன்பதுக்கும் மேல், செய்தவர் குழந்தைக்கு ஏற்கெனவே தெரிந்தவர் என்றுதான் தேசியக் குற்றப் பதிவுகள் ஆண்டுதோறும் காட்டுகின்றன. மாமா, சித்தப்பா, தாத்தா, மேல் வீட்டு அண்ணன். "நிறைய செய்தவர்" என்பதால்தான் அவருக்கு வீட்டுக்குள் அத்தனை சுலபமாக வர முடிந்தது.

குடும்பங்கள் வழக்கமாக என்ன செய்கின்றன என்றால், அவரை வீட்டுக்கு வராமல் பார்த்துக்கொண்டு, விசேஷத்துக்கு மட்டும் அழைத்து, குழந்தையிடம் "இதை யார்கிட்டயும் சொல்லாத" என்று சத்தியம் வாங்குகின்றன. அவர் அடுத்த வீட்டுக்குப் போகிறார். குழந்தை ஒவ்வொரு கல்யாணத்திலும் அவர் காலில் விழுந்து ஆசீர்வாதம் வாங்குகிறது.

குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் 2012ஆம் ஆண்டு போக்சோ சட்டப்படி, தெரிந்தவர் போலீஸில் சொல்லியே ஆக வேண்டும். சொல்லாமல் மறைத்தால் ஆறு மாதம் வரை சிறை. பெற்றோருக்கும் இது பொருந்தும், என்னைப் போல டியூஷன் எடுப்பவருக்கும் பொருந்தும். குழந்தையை ஸ்டேஷனுக்கு இழுத்தடிப்பார்கள் என்று பயப்பட வேண்டாம். குழந்தை இருக்கும் இடத்துக்கே, கூடியவரை பெண் அதிகாரி, யூனிஃபார்ம் இல்லாமல் வந்து வாக்குமூலம் வாங்க வேண்டும். இரவில் ஸ்டேஷனில் வைக்கவே கூடாது. குழந்தையின் பெயர், பள்ளி, தெரு எதையும் பத்திரிகைகள் போடக் கூடாது. யாரிடம் தொடங்குவது என்று தெரியாவிட்டால் குழந்தைகள் உதவி எண் 1098.

ஒன்று சேர்த்துச் சொல்கிறேன். குழந்தையிடம் திரும்பத் திரும்பக் கேட்டு "சரியா சொல்லு, பொய் சொல்லாத" என்று குடையாதீர்கள். ஒருமுறை சொன்னது போதும். மீதியைக் கேட்கப் பயிற்சி பெற்றவர்கள் இருக்கிறார்கள்.

பிள்ளைகளுக்குத் தெரியாமல்தான் சண்டை போடுகிறோம். அவர்களுக்குப் பாதிப்பு இருக்காதே?

தெரியாமல் சண்டை போட ஒரே அறை வீட்டில் எங்கே போவீர்கள்? போர்வைக்குள் கண்ணை மூடிக்கொண்டு படுத்திருப்பதால் தூங்குகிறது என்று அர்த்தம் இல்லை.

டியூஷனில் எனக்குத் தெரியும் வழி ஒன்றுதான். சில பிள்ளைகள் எட்டு மணிக்கு மேலும் கிளம்ப மாட்டார்கள். இன்னொரு கணக்கு போடுகிறேன் மிஸ் என்பார்கள். ஞாயிற்றுக்கிழமையும் வகுப்பு வேண்டும் என்பார்கள். ஊரார் அதைப் பார்த்து "என்னா படிப்பு, என்னா பொறுப்பு" என்று மெச்சுவார்கள். படிப்பில் ஆர்வமாகவும் இருக்கலாம். ஆனால் சம்பள நாள் இரவில் மட்டும் அந்த ஆர்வம் கூடுகிறது என்றால் நான் வேறு விதமாக யோசிப்பேன். அந்தப் பிள்ளைகளைச் சீக்கிரம் கிளப்பி அனுப்புவதில்லை.

மனநலம் சரியில்லாத மகனை வீட்டுக்குள்ளேயே வைத்திருக்கிறோம். வெளியில் தெரிந்தால் மகளுக்கு வரன் வராது.

கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனைக்கு 200 வருஷத்துக்கும் மேல் வரலாறு உண்டு. "கீழ்ப்பாக்கம் கேஸு" என்ற வசவும் பழையதுதான். அந்த வசவுக்குப் பயந்து பத்து வருஷம் மருந்தே இல்லாமல் அறையில் கிடந்தவர்களை எனக்குத் தெரியும். முதல் வருஷத்திலேயே மருந்து கொடுத்திருந்தால் வேலைக்குப் போயிருப்பார்கள். அங்கே போகத் தயக்கமாக இருந்தால் ஸ்டான்லியிலேயே மனநலப் பிரிவு இருக்கிறது. வரனைப் பொறுத்தவரை, மறைத்துச் செய்த கல்யாணத்தில் உண்மை தெரிய வரும் நாள்தான் மகளுக்குக் கெட்ட நாள்.

வயதான அப்பா அம்மாவையும் இப்படி மறைவாகக் கொடுமைப்படுத்துகிறார்களா?

நிறைய. சொந்த வீடு இருக்கும் பெரியவர்களுக்குத்தான் ஆபத்து அதிகம். பார்த்துக்கொள்வதாகச் சொல்லி எழுதி வாங்கிய பிறகு சோறு நின்றுவிடும். 2007ஆம் ஆண்டு மூத்த குடிமக்கள் சட்டப்படி, கவனித்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக் கொடுத்த சொத்தை, கவனிக்காவிட்டால் ரத்து செய்யச் சொல்லி ஆர்.டி.ஓ. தலைமையிலான தீர்ப்பாயத்தில் கேட்கலாம். அந்த நிபந்தனையைப் பத்திரத்திலேயே எழுதிவிடுவது நல்லது. உதவிக்கு 14567.

ஆண்களும் வீட்டில் அடி வாங்குவதில்லையா?

வாங்குகிறார்கள், சொல்ல முடியாமல் இருக்கிறார்கள். 2005ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுக்கு இல்லை. ஆனால் அடி, மிரட்டல் எல்லாம் யார் செய்தாலும் குற்றம்தான், புகார் கொடுக்கலாம். கேலி செய்யாமல் கேட்கும் நண்பர் ஒருவர் கிடைப்பதுதான் கஷ்டம்.

அப்படியானால் வீட்டு விஷயம் எல்லாவற்றையும் வெளியே சொல்ல வேண்டுமா?

அய்யோ, வேண்டவே வேண்டாம். யாருக்கு என்ன சம்பளம், மருமகளுக்கு ஏன் குழந்தை இல்லை, பையன் எந்தப் பெண்ணைக் காதலித்தான் என்பதெல்லாம் அவரவர் சொந்த விஷயம். கேட்பவர்களிடம் "நல்லா இருக்கோம்" என்று சொல்லிவிட்டுப் போகலாம், தப்பே இல்லை. நான் பார்ப்பது ஒன்றுதான்: அந்த விஷயம் வெளியே தெரிந்தால் யாருக்கு நஷ்டம்? வீட்டில் எல்லாருக்கும் சங்கடம் என்றால் அது குடும்ப மானம், வைத்துக்கொள்ளுங்கள். ஒரு ஆளுக்கு மட்டும் நஷ்டம், மற்றவர்களுக்கு நிம்மதி என்றால், அந்த ஒரு ஆளுக்காக மீதிப் பேர் காவல் காக்கிறீர்கள்.

வீட்டை விட்டுக் கிளம்புவது என்று முடிவாகிவிட்டால்?

கிளம்பப் போவதை அவரிடம் சண்டையில் சொல்லிக் காட்டாதீர்கள். பிரிந்து போகும் நேரம்தான் ஆபத்தான நேரம்.

ஆதார், ரேஷன் கார்டு, வங்கிப் பாஸ் புத்தகம், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், கல்யாணப் பத்திரிகை அல்லது பதிவுச் சான்றிதழ், ஏ.ஆர். காப்பி, சி.எஸ்.ஆர். ரசீது எல்லாவற்றையும் போனில் படம் எடுத்து நம்பிக்கையான ஒருவருக்கு அனுப்பிவிட்டு, உங்கள் போனில் அழித்துவிடுங்கள். அசல்களைக் கொஞ்சம் கொஞ்சமாக அக்கா வீட்டுக்கோ தோழி வீட்டுக்கோ நகர்த்தலாம். அடகு ரசீதுகளை மறந்துவிடாதீர்கள், நகையை விட அவைதான் முக்கியம். உங்கள் வங்கிக் கணக்கு அவர் போன் நம்பரோடு இணைந்திருந்தால் மாற்றுங்கள், இல்லாவிட்டால் நீங்கள் பணம் எடுக்கும் ஒவ்வொரு ஏ.டி.எம்.மும் அவருக்கு எஸ்.எம்.எஸ்.ஸில் தெரியும். மாதாமாதம் சாப்பிடும் மாத்திரை இருந்தால் ஒரு பட்டை கூடுதலாக வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

அம்மா வீட்டில் "அட்ஜஸ்ட் பண்ணிக்கோ" என்று திருப்பி அனுப்புவார்கள் என்று தோன்றினால் அங்கே முதலில் போகாதீர்கள். 181க்கு அழைத்தால் சகி மையம் என்ற அரசுப் பெண்கள் உதவி மையத்தில் சில நாள் தங்க இடம், மருத்துவம், சட்ட உதவி மூன்றையும் ஏற்பாடு செய்து தருவார்கள். பெண் பிள்ளைகளையும் சின்னப் பையன்களையும் கூட்டிப் போகலாம். டி.சி. வாங்கப் பள்ளிக்குப் போக வேண்டியிருந்தால் அவர் வேலைக்குப் போயிருக்கும் நேரமாகப் பார்த்துப் போங்கள், தலைமை ஆசிரியையிடம் மட்டும் விஷயத்தைச் சொல்லுங்கள்.